இரண்டாவது லைன்

அந்தச் செவ்வாய்க்கிழமை பிற்பகலில் பெர்னில்லாவுக்குத் தேவைப்பட்டது ஒரே ஓர் உதாரணம். நெருக்கடியான நேரத்தில் தானாக எடுத்த ஒரு நல்ல முடிவு, அவ்வளவுதான். வியாழக்கிழமை நேர்முகத்தில் அதைத்தான் கேட்பார்கள். இந்த ஊரில் துப்புரவு வேலைக்குப் போனாலும் அதைத்தான் கேட்கிறார்கள். நாற்பத்து மூன்று வயது மனுஷியிடம் அப்படி ஒன்று கூடவா இல்லாமல் போகும்? தேடினால் கிடைத்துவிடும் என்று நம்பிக் கணினியைத் திறந்தாள். திறக்காமல் இருந்திருந்தால் இன்னும் கொஞ்ச நாள் நிம்மதியாக இருந்திருப்பாள்.

ஹெர்னோசாண்ட் நகராட்சியின் நீச்சல் குளத்தில் பத்தொன்பது வருடமாக அவள் உயிர்காப்பாளர். குளத்தோரத்து உயர்ந்த நாற்காலியில் உட்கார்ந்தால் அவள் கண்ணுக்குத் தப்பி ஒரு குமிழிகூட மேலே வர முடியாது. பத்து விநாடிக்கு ஒரு தரம் இடமிருந்து வலம், பிறகு மேலிருந்து அடிவரை, தலைகளை எண்ணிக்கொண்டே பார்ப்பாள். எண்ணிக்கையில் ஒன்று குறைந்தால் தண்ணீருக்குள் இருப்பாள். இதுவரை ஏழு குழந்தைகளை வெளியே இழுத்துப் போட்டிருக்கிறாள். அதையே உதாரணமாகச் சொல்லேன் என்றால் முறைப்பாள். "அது முடிவா? குழந்தை முழுகுது, குதிக்கிறோம். அதுல முடிவு எங்க இருக்கு?"

அதே பெர்னில்லா தரைக்கு வந்துவிட்டால் வேறு ஆள். ஐஸ்கிரீம் கடையில் அவளுக்குப் பின்னால் நிற்கிறவர்கள் பாவம் செய்தவர்கள். கல்யாணம் புருஷன் எடுத்த முடிவு. விவாகரத்தும் அவன் எடுத்த முடிவுதான். வருடாந்தரப் பணி மதிப்பீட்டில், நகராட்சியின் ஓய்வுநேரத் துறைக்குத் தலைவியான சோல்வெய்க் ஆறு வருடமாக ஒரே வரியைத்தான் எழுதி வந்தாள்: பார்க்கத் தெரிகிறது, முடிவெடுக்கத் தெரியவில்லை. இப்போது குளத்தின் மேலாளர் ஓய்வுபெற, அந்த நாற்காலி காலியாகியிருந்தது. பெர்னில்லா அதற்கு விண்ணப்பித்திருந்தாள். அந்த ஆறு வருடத்து வரியை அழிக்க அவளிடம் இருந்தது ஒரே ஆயுதம். விண்ணப்பத்தில் எழுதியிருந்தாள்: 'சாம்பல் தீவு, வேலையிட லீக். பதினான்கு மாதங்களாக அணித் தலைவி. தற்போது நான்காம் இடம்.'

சாம்பல் தீவு கணினி விளையாட்டு. அறுபது பேர் பாராசூட்டில் ஒரு தீவில் இறங்குவார்கள், மூன்று மூன்று பேராக இருபது அணி. தீவைச் சுற்றி வட்டமாக நச்சுப்பனி. நேரம் ஆக ஆக வட்டம் சுருங்கும். பனிக்குள் மாட்டினால் சாவு, வெளியே ஓடி வந்தால் அங்கே எவனாவது துப்பாக்கியோடு காத்திருப்பான். கடைசியில் உயிரோடு நிற்கிற அணி ஜெயித்தது. கை வேகம் இருந்தால் போதும் என்று நினைக்கிறவர்கள் முதல் ஐந்து நிமிடத்தில் வீட்டுக்குப் போய்விடுவார்கள். எங்கே நிற்பது, எப்போது நகர்வது, எந்தச் சண்டையை விட்டுவிடுவது, இதுதான் ஆட்டம். லீகில் அஞ்சல் பிரிப்பகம், மர ஆலை, ஆம்புலன்ஸ், சிறைச்சாலை என்று எல்லா இடத்திலிருந்தும் அணிகள் உண்டு. சிறைக்காவலர்கள் ஒளிந்துகொள்வதில் கெட்டிக்காரர்கள், கண்டுபிடிப்பதில் அவ்வளவு இல்லை.

குளத்து அணியில் பெர்னில்லாவோடு இரண்டு பேர். டிக்கெட் கவுன்டரில் இருக்கும் இல்வாவுக்கு முப்பத்தொரு வயது, குறி தப்பாமல் சுடுவாள், நீச்சல் கண்ணாடி விற்பதிலும் அப்படித்தான். இன்னொருவர் ஸ்டூரே. ஐம்பத்தெட்டு வயது, கீழ்த்தளத்தில் பம்புகளோடும் குளோரினோடும் குடித்தனம் நடத்துகிறவர். ஒரு நாளைக்குப் பத்து வார்த்தைக்கு மேல் பேசினால் உடம்புக்கு ஆகாது என்று யாரோ சொல்லிவிட்ட மாதிரி இருப்பார்.

பெர்னில்லா ஆட்டத்திலும் குளத்தைப் பார்க்கிற மாதிரியே பார்த்தாள். கட்டம் போட்ட நோட்டு ஒன்று வைத்திருந்தாள். பனி எந்தப் பக்கம் முதலில் மூடியது, எந்த வீட்டுக்கு இரண்டு வாசல், எந்த மேட்டில் நின்றால் எத்தனை பாதை தெரியும், எல்லாம் அதில் ஏறும். ஆட்டத்தில் அவள் குரல் இப்படி ஓடும்: "கெழக்க ரெண்டு பேர். கெணத்துக்குப் பின்னாடி ஒருத்தன், முழங்கால் போட்டிருக்கான். நாப்பது விநாடியில பனி." இதுவரை சொன்னதை எவன் கேட்டாலும் காசு கொடுத்து வாங்குவான். பிறகு வரும் அந்தக் கேள்வி: "இல்வா, நீ என்ன நினைக்கிற? ஸ்டூரே, உனக்கு எப்படித் தோணுது?"

அவளைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. இங்கே எல்லோரும் வளர்ந்ததே அப்படித்தான். துண்டு மாட்டும் கொக்கிக்கு என்ன நிறம் என்று கேட்டால்கூட மேசையைச் சுற்றி ஒரு ரவுண்டு போகும். ஒவ்வொருவரும் தங்கள் எண்ணத்தைச் சொல்லவேண்டும், யார் மனமும் நோகக் கூடாது, கடைசியில் முடிவு தானாகவே வந்து விழும், யார் எடுத்தது என்று ஒருவருக்கும் தெரியாது. கொக்கிக்கு அது சரி. நாற்பது விநாடியில் நச்சுப்பனி வருகிறபோது?

ஏமாற்று நடக்கக் கூடாது என்பதற்காக ஒவ்வொருவரும் தங்கள் திரையையும் ஹெட்போனில் கேட்கிற சத்தத்தையும் பதிவு செய்து பொதுக் கோப்பில் போடவேண்டும் என்பது லீக் விதி. பெர்னில்லா எப்போதும் தன் பதிவைத்தான் பார்ப்பாள். அன்று அவள் தேடியது மார்ச் மாதம் முதலிடம் வந்த ஆட்டத்தை. பாலத்தை விட்டுவிட்டுக் காற்றாலைப் பக்கம் ஏறலாம் என்று அவள் எடுத்த முடிவால் ஜெயித்த ஆட்டம். அந்த ஆட்டத்துக்கு அவளுடைய பதிவு பாழாகியிருந்தது. சரி, இல்வாவுடையதைப் பார்ப்போம் என்று அழுத்தினாள்.

முதலில் அவள் குரலே வந்தது. "பாலத்துல நாலு பேர், ரெண்டு அணி. வட்டம் மேற்க சுருங்குது. இல்வா, நீ என்ன நினை..."

அந்தக் கேள்வி முடிவதற்குள், அதன்மேலேயே, இன்னொரு குரல். பக்கத்திலிருந்து பேசுகிற மாதிரி தெளிவாக.

"காத்தாலை. இப்பவே. ஓடு."

ஸ்டூரே! நாளைக்குப் பத்து வார்த்தை ஸ்டூரே! திரையில் இல்வாவின் கால்கள் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்தன. மேட்டில் பாதி ஏறிய பிறகு இல்வாவின் குரல், தேன் தடவிக்கொண்டு: "எனக்குக் காத்தாலைப் பக்கம் நல்லாருக்கும்னு தோணுது. நீ என்ன சொல்ற, பெர்னில்லா?" அதற்குப் பிறகு, கம்பீரமாக, அவளே: "சரி. நான் முடிவு பண்ணிட்டேன். காத்தாலை."

பெர்னில்லா பதிவை நிறுத்தினாள். பின்னால் ஓட்டி மறுபடி கேட்டாள். இன்னொரு ஆட்டத்தைத் திறந்தாள். இன்னொன்று. பதினோரு ஆட்டம் பார்த்தாள். எல்லாவற்றிலும் அவளுக்குக் கேட்காத ஒரு தனிப் பேச்சு லைன் ஓடிக்கொண்டிருந்தது. அவள் 'முடிவு' சொல்வதற்குள் அவர்கள் அங்கே போய்ச் சேர்ந்திருந்தார்கள். ஒன்றில் இல்வா சிரித்தாள்: "ஆரம்பிச்சிட்டாப்பா, ரவுண்டு." அதற்கு ஸ்டூரே: "சிரிக்காத. அவ எண்ணிச் சொல்லலன்னா நாம அப்பவே செத்திருப்போம்." அது பாராட்டு என்பது அவளுக்கு அப்போது உறைக்கவே இல்லை. பதினான்கு மாதம் காதில் பூச்சுற்றியிருக்கிறார்கள், அதுவும் நாளெல்லாம் கூட உட்கார்ந்து காப்பி குடிக்கிறவர்கள் என்பதுதான் நெஞ்சில் அறைந்தது.

ஜூன் மாதம் தரை ஓடுகளை மாற்றுவதற்காகக் குளத்தை வற்ற வைத்திருந்தார்கள். புதன்கிழமை பத்து மணிக் காப்பிக்கு மூவரும் காலிக் குளத்தின் விளிம்பில் காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்தார்கள். இல்வா ஏலக்காய் ரொட்டிகள் கொண்டுவந்திருந்தாள்.

"அந்த இன்னொரு லைன் எப்பலேர்ந்து?" என்றாள் பெர்னில்லா.

இல்வாவின் ரொட்டி வாய்க்கு ஒரு சாண் தூரத்தில் நின்றது. ஸ்டூரே குளத்தின் அடியில் எதையோ தொலைத்தவர் போலப் பார்த்தார்.

"போன வருஷம் ஏப்ரல்லேர்ந்து," என்றாள் இல்வா, ஒருவழியாக.

"யார் முடிவு அது?"

"யார் முடிவும் இல்ல. ஒக்காந்து பேசினோம். அப்படியே வந்துச்சு."

"ஒக்காந்து பேசினீங்களா? என்னைப் பத்தி, நான் இல்லாம, கூட்டம் போட்டா?"

"குறிப்புகூட எழுதினோம்," என்றார் ஸ்டூரே. அவரைப் பேசவிட்டால் இதுதான் நடக்கும்.

"வாசி."

இல்வா கைப்பேசியை எடுத்து, பள்ளிக்கூடத்தில் மாட்டிக்கொண்ட பிள்ளை மாதிரி வாசித்தாள். "ஒண்ணு: அவசர முடிவுக்குத் தனி லைன். ரெண்டு: பெர்னில்லா மனசு எந்த வகையிலயும் புண்படக் கூடாது."

"ரெண்டாவது ஒருமனதாவா நிறைவேறுச்சு?"

"ஆமா," என்றாள் இல்வா, அது கிண்டல் என்பதுகூடப் புரியாமல்.

"மூஞ்சிக்கு நேரா ஒரு வார்த்தை சொல்ல முடியல, இல்ல?"

"சொல்லியிருந்தா நீ வருத்தப்பட்டிருப்ப!"

"இப்ப என்ன, சந்தோஷத்துல கூத்தாடறேனா?"

ஸ்டூரே காப்பிக் கோப்பையைக் கீழே வைத்தார். "உன் கண்ணு மாதிரி இந்த லீக்லயே கெடையாதும்மா. ஆனா நீ ஒவ்வொருத்தர்கிட்டயா கேட்டு முடிக்கிறதுக்குள்ள பனி நெஞ்சு வரைக்கும் வந்துடுது. எங்களுக்கு வேற வழி தெரியல."

அன்றைய பத்து வார்த்தையைத் தாண்டிவிட்டார். அதனாலேயே அது பொய்யாக இருக்க முடியாது என்று அவளுக்குத் தெரிந்தது. அழுகை வந்தது, காப்பியோடு விழுங்கினாள்.

"இன்னிக்கு சாயங்காலம் அந்த லைன் கெடையாது," என்றாள். "நான் சொல்றதுதான்."

அன்று சாயங்காலம் லீகின் கடைசிச் சுற்று, மூன்று ஆட்டம். மொத்தப் புள்ளியில் முதல் ஐந்து அணிகள் இலையுதிர்கால இறுதிப் போட்டிக்குப் போகும். மறுநாள் காலை ஒன்பதுக்கு நேர்முகம். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள், தலையாட்டினார்கள். நிஜமாகவே ஆட்டினார்களா, மரியாதைக்கு ஆட்டினார்களா என்று இனிமேல் யார் கண்டது!

வழக்கமாக அவரவர் வீட்டிலிருந்து ஆடுகிறவர்கள், அன்று ஆறு மணிக்குக் குளத்து அலுவலகத்தில் மூன்று கணினிகளைப் போட்டு ஒன்றாக உட்கார்ந்தார்கள். ஜூன் வெயில் திரையில் அடிக்காமல் இருக்க ஜன்னலில் பெரிய துண்டுகளைக் கட்டியிருந்தார்கள். முதல் ஆட்டத்தில் பெர்னில்லா ஸ்டூரே மாதிரியே பேசிப் பார்த்தாள். "பாலம். ஓடு!" பார்க்காமல், எண்ணாமல், முடிவெடுக்கிறேன் என்று காட்டவேண்டும் என்பதற்காக மட்டும். பாலத்தில் மர ஆலைக்காரர்கள் மூன்று பேர் காலை நீட்டிக்கொண்டு காத்திருந்தார்கள். குளத்து அணி பத்தொன்பதாம் இடம். அவர்களுக்கும் கீழே சிறைக்காவலர்கள் மட்டும், அவர்கள் இறங்கும்போதே கடலில் விழுந்திருந்தார்கள்.

இரண்டாவது ஆட்டத்தில் நிதானமாகப் பார்த்தாள். மூன்று வழி தெரிந்தது. மூன்றும் சமமாகத் தெரிந்தது. வாயைத் திறந்தாள், ஒன்றும் வரவில்லை. பனி வந்தது. திரை சிவந்தது. மூன்று பேரும் திறந்து கிடந்த ஒரு வாசலுக்கு எதிரே வரிசையாக நின்றபடி செத்தார்கள்.

பெர்னில்லா ஹெட்போனைக் கழற்றித் திரும்பினாள். இல்வா உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். ஸ்டூரேயின் இரண்டு கையும் மடியில் இருந்தன.

"ஏன் நகரல? கதவு தெறந்துதானே இருந்துச்சு?"

"நீ ஒண்ணும் சொல்லலையே," என்றாள் இல்வா.

தலைவி பேசுகிற நேரத்தில் குறுக்கே பேசுவதைவிடச் செத்துப் போவது மேல் என்று இரண்டு பெரியவர்கள் நின்றிருக்கிறார்கள். விளையாட்டுதான், சரி. ஆனால் குளத்தில் தீப்பிடித்தாலும் இவர்கள் இப்படித்தான் நிற்பார்கள்! கேட்டுக் கேட்டு முடிவெடுக்கிறவளும், சொல்லாமல் முடிவெடுக்கிறவர்களும், நல்ல ஜோடி. நேற்று வந்த கோபம் இப்போது எங்கே போனது என்று தெரியவில்லை, வெறும் பயம்தான் இருந்தது.

மூன்றாவது ஆட்டம் தொடங்குகிறபோது அவள் சொன்னாள்: "ஸ்டூரே, நீயே சொல்லு. ஆனா என் காதுல விழற மாதிரி சொல்லு." சொல்லும்போது நாக்கு கசந்தது. பதினான்கு மாதத் தலைவி பதவியை ஒரு வாக்கியத்தில் தூக்கிக் கொடுத்துவிட்டாள்.

பிறகு நடந்ததை இல்வா இன்றைக்கும் கவுன்டரில் வருகிறவர்களுக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள். பெர்னில்லா எண்ணினாள், ஸ்டூரே சொன்னார், மூவரும் ஓடினார்கள். முதல்தடவையாக எல்லாம் ஒரே லைனில். பதினைந்து அணி, ஒன்பது அணி, கடைசியில் நான்கு அணி. பனி படகுத்துறையை நோக்கி நெருக்கியது.

"படகுத்துறை. ஓடு," என்றார் ஸ்டூரே. இல்வா ஓட ஆரம்பித்தாள்.

படகுக் கொட்டகையின் கதவை பெர்னில்லா பத்து விநாடிக்கு முன் பார்த்திருந்தாள். அப்போது மூடியிருந்தது. இப்போது ஒரு கையகலம் திறந்திருந்தது.

"நில்லு! பின்னாடி! செவுத்தோட படு!"

அது குளத்தில் விசிலுக்குப் பிறகு வருகிற குரல். இரண்டு பேரும் பட்டென்று விழுந்தார்கள். கொட்டகைக்குள்ளிருந்து சரமாரியாகக் குண்டுகள் அவர்கள் தலைக்கு மேலே போய், பின்னால் வந்துகொண்டிருந்த அஞ்சல்காரர்கள்மேல் பாய்ந்தன. அவர்கள் திருப்பிச் சுட, ஆம்புலன்ஸ்காரர்களும் நடுவில் புகுந்து மாட்டிக்கொண்டார்கள். எல்லோரும் ஒருவரையொருவர் தீர்த்துக்கொண்ட பிறகு மிச்சம் இருந்த ஒருத்தனை இல்வா படுத்தபடியே சுட்டாள். முதலிடம்.

பெர்னில்லா தன் தொண்டையைத் தொட்டுப் பார்த்தாள்.

"யார் கத்தினது?"

"நீதான்," என்றார் ஸ்டூரே. "எங்களை ஒரு வார்த்தை கேக்கலையே நீ."

ஸ்டூரே தப்பான முடிவு சொல்வதை அவள் அதற்குமுன் கேட்டதே இல்லை. கேட்டிருந்தால் முதல் மாதமே கத்தியிருப்பாள். ஆள் முழுகுகிறதைக் காட்டாமல் உயிர்காப்பாளரை நாற்காலியில் உட்கார வைத்திருந்தார்கள், பாவிகள்! மொத்தப் புள்ளியைக் கூட்டியபோது குளத்து அணி ஆறாம் இடம். ஐந்தாம் இடத்துக்கு இரண்டு புள்ளி குறைவு. இறுதிப் போட்டி கிடையாது.

மறுநாள் நேர்முகத்தில் மூன்று பேர். சோல்வெய்க், பணியாளர் துறையிலிருந்து ஓர் இளைஞன், தொழிற்சங்கத்துக்காரர். சோல்வெய்க் முகமெல்லாம் சிரிப்பாக இருந்தாள். ஆறு வருடத்தில் அப்படி ஒரு சிரிப்பை பெர்னில்லா பார்த்ததில்லை.

"உனக்காக ரெண்டு பேர் எழுதிக் கொடுத்திருக்காங்க. நான் உன்னைத் தப்பா எடை போட்டுட்டேன் போல." கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தாள். "'நொடியில் முடிவெடுப்பவர். பதினான்கு மாதமாக அவருடைய முடிவுகளைக் கேட்டுத்தான் நாங்கள் ஜெயிக்கிறோம்.' கீழ இல்வா, ஸ்டூரே, ரெண்டு பேர் கையெழுத்தும்."

தேதி இரண்டு வாரத்துக்கு முந்தையது. மறுபடியுமா? எழுத்தில் வேறா? எவ்வளவு பாசமான மனிதர்கள், எப்படிப்பட்ட புளுகு! சோல்வெய்க்கின் பேனா ஒரு கட்டத்தின் மேல் டிக் அடிக்கத் தயாராக நின்றது. சும்மா உட்கார்ந்திருந்தால் போதும், அந்தப் பேனா இறங்கிவிடும். என்ன நினைக்கிற என்று கேட்க இடப்பக்கம் இல்வா இல்லை, வலப்பக்கம் ஸ்டூரே இல்லை.

"அது பொய்," என்றாள்.

சங்கத்துக்காரரின் காப்பி உதட்டருகில் நின்றது. அவள் எல்லாவற்றையும் சொன்னாள். இரண்டாவது லைன், குறிப்பு, தீர்மானம் இரண்டு, வாசலுக்கு எதிரே செத்தது, படகுக் கொட்டகை. பணியாளர் துறை இளைஞன் எழுதுவதை நிறுத்திவிட்டு வாயைப் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

"இதை எதுக்கு இப்பச் சொல்ற?" சோல்வெய்க் கிட்டத்தட்டக் கெஞ்சினாள். "இதைச் சொல்லாமலே..."

"தெரியும். இதைச் சொல்லலாமான்னு நான் யாரையும் கேக்கல. நீங்க கேட்ட உதாரணம் இதுதான்."

இரண்டு வாரத்தில் கடிதம் வந்தது. மூன்று பத்தி, முழுக்க அன்பு. வேலை வேறு ஒருவருக்கு.

சுண்ட்ஸ்வால் நகரத்திலிருந்து வந்த புது மேலாளர் யோவாகிம் நல்ல மனிதர், வட்டமாக உட்கார்ந்து பேசுவதற்கென்றே ஒரு படிப்புப் படித்துச் சான்றிதழ் வைத்திருந்தார். ஆகஸ்டில் ஓடு பதிக்கும் வேலை முடிந்தது. வெள்ளிக்கிழமை அறுபது குழந்தைகளுக்கு நீச்சல் பள்ளி தொடங்கவேண்டும். குளம் நிரம்ப மூன்று நாள், சூடேற ஒரு நாள். திங்கட்கிழமை கூட்டத்தில் ஸ்டூரே எழுந்து, மதியத்துக்குள் தண்ணீர் திறக்காவிட்டால் வெள்ளிக்கிழமை கிடையாது என்றார். யோவாகிம் புன்னகைத்து, இன்னும் ஒரு நாள் பொறுப்பதைப் பற்றி ஒவ்வொருவருக்கும் எப்படித் தோன்றுகிறது என்று ரவுண்டை ஆரம்பித்து வைத்தார். பதினொரு பேர். முதல் ஆள் தன் உணர்வுகளைச் சொல்லவே ஆறு நிமிடம் ஆனது.

பெர்னில்லாவின் முறை ஒன்பதாவது. அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். கடிகாரம் பதினொன்று ஐம்பது. ஓடு பதித்தவன் கையெழுத்துப் போட்ட சான்று மேசையில். காலையில் அவளே இறங்கி விரலால் தடவிப் பார்த்த பூச்சு, காய்ந்தது. ஐந்தாவது ஆள் இப்போதுதான் தொண்டையைச் செருமினார்.

"ஸ்டூரே, தண்ணியத் தெற."

முறை வராமல் பேசியிருக்கிறாள்! யோவாகிமின் புன்னகை முகத்திலேயே உறைந்து நின்றது, அவர் அதை எடுக்க மறந்துவிட்டார். ஸ்டூரேயைத் தேடினார். அந்த நாற்காலி காலியாக இருந்தது, கதவு இன்னும் ஆடிக்கொண்டிருந்தது. சற்று நேரத்தில் காலுக்குக் கீழே குழாய்கள் உறுமின.

கூட்டக் குறிப்பு எழுதும் பொறுப்பு அன்று இல்வாவுடையது. பேனாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரிக் கேட்டாள்.

"யார் முடிவுன்னு எழுத?"

"என் பேரை எழுது," என்றாள் பெர்னில்லா.

இல்வா எழுதினாள். குடும்பப் பெயரையும் சேர்த்து, நேரத்தையும் போட்டு.